ராமலட்சுமி கடை நிழல்

கோவில்பட்டியிலிருந்து பசுவந்தனை போகிற ரோட்டில், ராமலட்சுமியின் டீக்கடைக்கு முன்னால் இருந்த தகரக் கொட்டகையைச் சித்திரை வெயிலில் அதிகாரிகள் பிரித்து லாரியில் ஏற்றிக்கொண்டு போனார்கள். அதன் நிழல் மட்டும் போகவில்லை.

கடை பட்டா நிலத்தில் இருந்தது. கொட்டகை நெடுஞ்சாலை இடத்தில் இருந்தது. அதில் யாருக்கும் சந்தேகமில்லை, ராமலட்சுமிக்கும்கூட. தீப்பெட்டி ஆபீஸில் பெட்டி ஒட்டி ஒட்டிக் கைவிரல் மரத்துப்போய்க் கடை போட்டவள் அவள். அந்தக் கரிசக்காட்டில் உடைமரத்தை விட்டால் ஒதுங்க இடம் கிடையாது. ஜனங்கள் நிழலுக்கு வந்தார்கள். சும்மா நிற்கக் கூச்சப்பட்டு ஒரு டீ சொன்னார்கள். வியாபார சூட்சுமம் அவ்வளவுதான். தன் டீயைப் பற்றி அவளுக்கே பெரிய அபிப்பிராயம் இருந்ததில்லை. எதிரே மேற்குப் பார்த்த உரக்கடை சண்முகராஜுக்கோ, அந்தத் தகரம் தன் போர்டை மறைக்கிறதென்று ஓயாத ஆத்திரம். திங்கட்கிழமை தவறாமல் கலெக்டர் ஆபீஸில் மனு கொடுத்தார். மனு வென்றது.

ஜேசிபி வந்தபோது ராமலட்சுமி மறிக்கவில்லை. பாய்லரை உள்ளே நகர்த்தினாள். நிழல் போனால் ஆள் வராது, ஆள் வராவிட்டால் மறுபடியும் தீப்பெட்டி ஆபீஸ்தான் என்று நினைத்ததும் தாங்க முடியாமல் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள். அழுது முடித்துப் பார்த்தால் கொட்டகை நிழல் தரையில் அப்படியே கிடந்தது. கொட்டகையில் தொங்கவிட்டிருந்த வாழைத்தாரின் நிழல்கூட ஆடிக்கொண்டிருந்தது. புதூர்ப் பக்கமிருந்து வந்த ஆடு ஒன்று அதைக் கடித்துப் பார்த்து ஏமாந்தது. மத்தியான பஸ்ஸுக்கு வந்தவர்கள் வழக்கம்போல அதற்குள் நின்றார்கள். வழக்கம்போல டீ சொன்னார்கள்.

வருவாய் ஆய்வாளர் பாலகணேஷ், ஆக்கிரமிப்பு அகற்றப்பட்டதாக எழுதிப் படத்தோடு அனுப்பினார். நிழல் விழுகிறதென்றால் கொட்டகை நிற்கிறதென்றுதானே அர்த்தம், முழுசாக அகற்றிவிட்டு வேறு படம் அனுப்பவும் என்று மேலிடம் திருப்பிவிட்டது. பாவம், மனுஷன் மறுபடி ஜேசிபியோடு வந்தார். மேல்மண்ணை வழித்துக் கொண்டுபோய்க் கண்மாய்க்கு அப்பால் கொட்டினார்கள். நிழல் பள்ளத்துக்குள் இறங்கிப் படுத்துக்கொண்டது. பள்ளத்தை மூடினார்கள், மேலே வந்துவிட்டது.

“ஏக்கா, ஒங்க நெழலுதான? நீங்களே எடுத்திருங்க” என்றார் பாலகணேஷ்.

“எங்கன பிடிச்சுத் தூக்கணும்னு காட்டுங்க சார், நானே தூக்குதேன்” என்றாள் ராமலட்சுமி.

அவருக்குக் காட்டத் தெரியவில்லை. யோசிக்க நிழலிலேயே உட்கார்ந்து டீ குடித்தார்.

நிழலுக்கு நோட்டீஸ் கொடுக்கச் சட்டத்தில் வழி உண்டா என்று இரண்டு வருஷம் ஆபீஸுக்கு ஆபீஸ் கடிதம் நடந்தது. கடைசியில், அரசு நிலத்தில் உரிமை கோர ஆளில்லாமல் கிடப்பது அரசுக்கே சொந்தம் என்று முடிவாகி, நிழலைப் பஸ் நிறுத்தமாக அறிவித்துப் பலகை வைத்தார்கள். சேதப்படுத்துவோர் மீது நடவடிக்கை எடுக்கப்படும் என்று அதில் எழுதியிருந்தது. ரிப்பன் வெட்ட வந்தவர்களுக்கு ராமலட்சுமி கடையிலிருந்துதான் டீ போனது. தீப்பெட்டி ஆபீஸ் ஏஜெண்டிடம் தனக்காகச் சொல்லிவைத்திருந்த இடத்தை வேறு ஆளுக்குக் கொடுத்துவிடச் சொன்னாள்.

பலகை நட அளந்த கையோடு எதிர்ப்பக்கமும் அளந்தார்கள். சண்முகராஜின் வாசல் தகர ஷீட்டும் ரோட்டுக்குள் நீட்டிக்கொண்டிருந்தது. பிரித்தார்கள். அதன் நிழல் ஒழுங்கு மரியாதையாக லாரியில் ஏறிப் போய்விட்டது.

மேற்கு வெயில் உரக்கடைக்குள் நேராக இறங்கியது. சண்முகராஜ் துண்டால் விசிறிக்கொண்டு இருந்ததைப் பார்க்க ராமலட்சுமிக்குப் பாவமாக இருந்தது.

“அண்ணாச்சி, ஏன் வெயில்ல காயுதீங்க? இங்கன வாங்க.”

“வேண்டாம்மா. நா எங்கடையிலயே இருந்துக்கிடுதேன்.”

பொழுது சாயச் சாய, எல்லா நிழலையும் போல அந்த நிழலும் நீண்டது. ரோட்டைக் கடந்து, அவருடைய பட்டா நிலத்துக்குள் ஏறி, கல்லாவுக்குப் பக்கத்தில் போய் நின்றது. முன்பும் வந்திருக்கும், தன் ஷீட்டுக்கு அடியில் இருந்தவருக்குத் தெரிந்திருக்காது. சண்முகராஜ் எழுந்து எல்லைக்கல்லைப் பார்த்தார். நிழலைப் பார்த்தார். பிறகு நாற்காலியை அதற்குள் இழுத்துப் போட்டு, சட்டைப் பொத்தானைக் கழற்றிவிட்டு உட்கார்ந்தார். அவர் சொல்லாமலே ராமலட்சுமி ஒரு டீ கொண்டுபோய் வைத்தாள்.

அந்த ஆக்கிரமிப்பு தினமும் சாயங்காலம் நடக்கிறது. திங்கட்கிழமைகளில் அவர் இப்போதும் கலெக்டர் ஆபீஸுக்குப் போய்வருகிறார். அதைப் பற்றி மட்டும் இதுவரை மனு கொடுக்கவில்லை.