திருக்கையின் வயிறு

பட்டினப்பாக்கத்துக் கடலோரம் அந்த மீன் காட்சியகம் திறந்து ஒன்றரை வருடம் ஆகியிருந்தது. வெளிநாட்டு மீன் ஒன்றுகூட அங்கே கிடையாது. சுறாக்குட்டி, திருக்கை, விலாங்கு, கடல்குதிரை என்று எல்லாம் இந்தக் கரையில் வலைக்கு வருகிறவைதான். அவற்றுக்கு இரை நறுக்கிப் போடுவதும் தொட்டி கழுவுவதும் ஷீலாவின் வேலை. பக்கத்து மீனவர் குப்பத்திலிருந்து அங்கே வேலைக்குப் போனவள் அவள் ஒருத்திதான்.

வியாழக்கிழமை மதியம் டிவிக்காரர்கள் படம்பிடிக்க வந்தார்கள். மேனேஜர் கணேசமூர்த்தி ஷீலாவைக் கூப்பிட்டு, நனைந்த துணியோடு கேமரா முன்னால் வந்து நிற்க வேண்டாம், மூன்று மணிவரை வெளியே இருந்துவிட்டு வா என்று அனுப்பிவிட்டார். மூன்று மணிக்கு அவள் திரும்பி வந்தபோது பெரிய தொட்டியில் ஒரு குமிழிகூட இல்லை. பாதி மீன்கள் வாயைப் பிளந்துகொண்டு மிதந்தன. மீதி அடியில் கிடந்தன. ஓடிப்போய்ப் பார்த்தால் காற்று பம்பின் சுவிட்ச் அணைந்திருந்தது. அவள்தான் அதைத் திரும்பப் போட்டாள்.

சத்தம் கேட்டு ஸ்ரீவத்சன் வந்தான். கடல் உயிரியல் படித்தவன், தொட்டிகளுக்கெல்லாம் பொறுப்பு அவனுக்குத்தான். பம்ப் இரைச்சல் ரெக்கார்டிங்கில் விழுகிறது என்று கணேசமூர்த்தி அணைக்கச் சொன்னாராம். பத்து நிமிடம் என்றாராம். பிறகு எல்லோரும் மறந்துவிட்டார்கள். இதைச் சொல்லும்போது அவனுக்குக் கண் கலங்கியிருந்தது.

பத்தொன்பது மீன்கள் செத்தன. குழந்தைகள் கண்ணாடியில் மூக்கை ஒட்டிவைத்துப் பார்க்கிற பெரிய பெண் திருக்கையும் அதில் ஒன்று.

அன்று சாயங்காலமே கேட்டில் ஒரு போர்டு தொங்கியது. உள்ளூர் மீனவர்களிடம் வாங்கிய கெட்டுப்போன இரையைத் தின்று மீன்கள் இறந்துவிட்டதாக அதில் எழுதியிருந்தது. டிவியிலும் அதையே சொன்னார்கள்.

மறுநாள் காலை ஷீலாவின் அம்மா போட்டிருந்த மீன்கடையில் ஈதான் மொய்த்தது. மந்தைவெளியிலிருந்து வாரம் தவறாமல் வருகிற ஒரு அம்மாள் வஞ்சிரத்தைக் கையில் எடுத்து, முகர்ந்து பார்த்து, திரும்ப வைத்துவிட்டுப் போனாள். அம்மா மீன்மேல் தண்ணீர் தெளித்துக்கொண்டே இருந்தாள். அதைப் பார்த்துவிட்டுத்தான் ஷீலா வேலைக்குக் கிளம்பினாள்.

போனதுமே அவளை ஆபீசுக்குக் கூப்பிட்டார்கள். தி. நகரில் துணிக்கடை வைத்திருக்கும் முதலாளி அய்யாதுரை உட்கார்ந்திருந்தார். கணேசமூர்த்தி ஒரு டைப் செய்த காகிதத்தை அவள் பக்கம் நகர்த்தினார். மதியம் ஒரு மணிக்கு இரை வைத்தேன், அதைச் சோதிக்காமல் போட்டது என் தவறு என்று இருந்தது. கையெழுத்துப் போட்டுவிட்டு ஒரு மாதம் வீட்டில் இரு, பிறகு வேலைக்கு வந்துவிடலாம் என்றார்.

ஷீலா ஓரமாக நின்ற ஸ்ரீவத்சனைப் பார்த்தாள்.

"நீங்க சொல்லுங்க சார். பம்ப்ப யாரு நிறுத்தச் சொன்னது?"

அவன் தரையைப் பார்த்தான். "இப்போ அதெல்லாம் எதுக்கு ஷீலா. கையெழுத்துப் போட்டுடு. மத்ததை நான் பாத்துக்கறேன்."

இதே ஆள் காட்சியகம் திறப்பதற்கு முன்னால் ஆறு மாதம் குப்பத்துக்கு வந்துபோனவன். அவள் அப்பாவின் படகில் ஏறி, மீன்களின் பேரை ஒவ்வொன்றாகக் கேட்டு எழுதிக்கொண்டவன்.

ஷீலா காகிதத்தைத் தொடவில்லை. எழுந்து இரை அறைக்குப் போனாள். செத்த மீன்களை அங்கேதான் ஐஸில் போட்டிருந்தார்கள். திருக்கையை இரண்டு கையாலும் இழுத்து மேசையில் மல்லாக்கப் போட்டு, கத்தியை எடுத்தாள். கணேசமூர்த்தி பின்னாலேயே ஓடிவந்து தடுக்கப் பார்த்தார். மற்ற இருவரும் அவர் பின்னால் வந்து நின்றார்கள்.

"இரும்வே," என்றார் அய்யாதுரை. "பிள்ள என்ன செய்யுதுன்னு பாப்போம்."

எட்டு வயதிலிருந்து மீன் அறுத்த கை. ஒரே இழுப்பில் வயிற்றைத் திறந்தாள். இரைப்பையைத் தனியாக எடுத்து, கீறி, விரித்துக் காட்டினாள். வெறும் சளிதான் இருந்தது. அடுத்து ஒரு விலாங்கு, ஒரு சுறாக்குட்டி. அவற்றின் வயிறும் காலி.

"ஒரு மணிக்குத் துன்ன மீனு மூணு மணிக்கு செத்துப்போச்சுன்றீங்கோ. துன்னது எங்க போச்சு? பெரிய தொட்டிக்கு நாலு மணிக்குத்தான் நான் இரை வெப்பேன். நேத்து வெக்கவே இல்ல. நறுக்கினது அப்படியே பொட்டில கீது, பாத்துக்கோங்கோ."

திரும்பவும் திருக்கையில் கை வைத்தவள் நின்றுவிட்டாள். உள்ளே மூன்று குட்டிகள் இருந்தன. உள்ளங்கை அகலம், வால்கூட முழுசாக வளர்ந்து சுருண்டிருந்தது. வெளியே வர இன்னும் சில நாட்கள்தான் இருந்திருக்கும். ஒவ்வொன்றாக எடுத்து வரிசையாக வைத்தாள். 

அப்போதுதான் ஸ்ரீவத்சன் வாயைத் திறந்தான். பம்ப் இரண்டு மணிநேரம் அணைந்திருந்தது கம்ப்யூட்டரில் பதிவாகியிருக்கிறது என்றான். ஷீலாவுக்குக் கணேசமூர்த்திமேல் வந்ததைவிட அவன்மேல்தான் ஆத்திரம் பொங்கியது. நேற்றே சொல்லியிருக்கலாம். காலையில் சொல்லியிருந்தால்கூட அம்மாவின் மீன் விற்றிருக்கும்.

அய்யாதுரை கைக்குட்டையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, அந்தக் காகிதம் வேண்டாம், கிழித்துப் போடு என்றார். அத்தோடு முடிந்தது என்று நினைத்துக் கிளம்பினார்.

"கேட்ல தொங்குற போர்டு?" என்றாள் ஷீலா.

நாளைக்கு எடுத்துவிடலாம் என்றார் கணேசமூர்த்தி. ஷீலா ரத்தம் படிந்த கையோடு வாசலை மறித்து நின்றாள். "இப்ப. நீங்களே போயி."

அவர் போய்க் கழற்றினார். அந்த இடத்தில் மத்தியானமே புது போர்டு வந்தது. தொழில்நுட்பக் கோளாறு காரணமாகச் சில மீன்கள் இறந்தன என்று இரண்டு வரி. மீனவர்களைப் பற்றி எழுதியது தப்பு என்று ஒரு வார்த்தை இல்லை. டிவியிலும் அதைப் பற்றிப் பேச்சே வரவில்லை.

ஷீலா வீட்டுக்கு வந்ததும் ஒரு அட்டைப்பெட்டியைக் கிழித்தாள். 'மீன் காட்சியில் மீன் செத்தது எங்கள் மீனால் அல்ல. மேனேஜர் பம்பை நிறுத்தியதால்' என்று பட்டையாக எழுதி, அம்மாவின் கடைக்கு முன்னால் கட்டினாள். அட்டை இருந்த இடம் காட்சியகத்துக்குப் போகிற பாதை. வந்தவர்கள் எல்லோரும் நின்று படித்துவிட்டுத்தான் போனார்கள். சிலர் போட்டோ எடுத்தார்கள். சனிக்கிழமை பத்து மணிக்குள் பக்கத்துக் கடைகள் மூன்றில் அதே அட்டை தொங்கியது.

பதினோரு மணிக்கு அய்யாதுரை போன் செய்தார். வேலை பார்க்கிற இடத்தையே இப்படிச் சந்தி சிரிக்க வைக்கலாமா, அதை அவிழ்த்துவிடு பிள்ள என்றார்.

ஷீலா அப்போது இரை அறையில், கடல்குதிரைகளுக்குப் பொடி இறாலை வடிகட்டிக்கொண்டிருந்தாள். போனைத் தோளில் இடுக்கிக்கொண்டு சொன்னாள்:

"டிவில பொய் சொன்னீங்கோ, டிவிலயே வந்து உண்மையச் சொல்லுங்கோ. அட்டைய நான் அவுக்குறேன்."

அவர் என்னவோ சொல்லிக்கொண்டிருந்தார். அவள் போனை வைத்துவிட்டு இறால் கிண்ணத்தோடு தொட்டிகளிடம் போனாள்.