ரெட்டிக்கின் தொண்டைக்குள் நான்

ஜெர்மனியிலேயே பெரிய பலசாலியான அர்னுல்ஃப் ரெட்டிக் ஒன்பது முறை திரையில் வாயைத் திறந்தார். ஒன்பது முறையும் வெளியே வந்தவன் நான். அந்தக் குரலைக் கேட்டு எல்பே ஆற்றில் கப்பல்களெல்லாம் சங்கு ஊதுவதை நிறுத்தின என்றால் கொஞ்சம் கூடுதல்தான். இரண்டு கப்பல்கள் நிறுத்தின.

ரெட்டிக் பளுதூக்கும் வீரர். எழுபதுகளில் பதக்கம் வாங்கியதும் சினிமாக்காரர்கள் அவரைப் பிடித்துக்கொண்டார்கள். வேடம் கிடையாது, ரெட்டிக்காகவே வருவார். சிரிப்புப் படத்தில் மணப்பெண்ணோடு காரைத் தூக்குவார். தொலைக்காட்சியின் துப்பறியும் தொடரில் திருடனைக் கதவோடு சேர்த்துத் தூக்குவார். தூக்கிவிட்டு இரண்டு வரி பேசுவார். அங்கேதான் சிக்கல். மலை போன்ற அந்த உடம்புக்குள் கடவுள் ஒரு குருவியை வைத்திருந்தார். விளையாட்டுச் செய்தியில் அவருடைய முக்கல் மட்டுமே கேட்டதால் ஊருக்கு அது தெரியாது.

நான் அப்போது ஹாம்பர்கின் ஆல்டோனா ரயில் நிலையத்தில் அறிவிப்பாளன். படங்களுக்குப் பின்னணிக் குரல் பதிவு செய்யும் ஒருவர் என் அறிவிப்பில் மயங்கித் தன் ரயிலையே விட்டுவிட்டார். அடுத்த வாரம் ஒலிப்பதிவுக் கூடத்தில் ரெட்டிக்கின் உதடுகளைப் பார்த்து நான் பேசிக்கொண்டிருந்தேன். குரல் கொடுத்தவன் பெயரைப் படத்தில் போடும் வழக்கம் அன்று இல்லை.

எல்லாம் நன்றாகத்தான் போயிற்று, என் மனைவி ரோஸ்விதா அந்தப் படங்களைப் பார்க்கும் வரை. ரெட்டிக் பேசியதும் அவள் பின்னல் ஊசியைக் கீழே வைத்தாள். எனக்காக அதை அவள் ஒருநாளும் கீழே வைத்ததில்லை.

“அந்தக் குரலக் கேளேன். தேன் மாதிரி வழியுது.”

“ரோஸ்விதா, அது நான்.”

“ஆமா, காரைத் தூக்கினதும் நீதானே? முதல்ல அந்தக் குப்பை வாளியத் தூக்கு.”

“சத்தியமா என் குரல்.”

“உன் குரல் எனக்குத் தெரியாதா? நீ காலை வணக்கம் சொன்னாலே ரயில் லேட்டுன்னு தோணுது.”

மனைவி இன்னொருவனை ரசித்தால் அவனோடு மல்லுக்கு நிற்கலாம். எனக்கோ என் குரல்மீதே வயிறு எரிந்தது. அடுத்த படத்தில் வேண்டுமென்றே மூக்கடைத்தவன்போலப் பேசினேன். “பாவம், ரெட்டிக்குக்குச் சளி பிடிச்சிருக்கு” என்று உருகினாள். அன்று எனக்கு நிஜமாகவே சளி. கைக்குட்டையைக்கூட என் பக்கம் நகர்த்தவில்லை.

கடைசியில் ஹார்புர்கில் ஒரு மரச்சாமான் கடையைத் திறந்துவைக்க ரெட்டிக் வந்தார். ரோஸ்விதா கூந்தலைச் சுருட்டிக்கொண்டு கிளம்பினாள், நானும் ஒட்டிக்கொண்டேன். கையெழுத்து வாங்கும் வரிசை டென்மார்க் எல்லை வரை நின்றது. ரெட்டிக் ஒரே ஒருமுறை ஒலிப்பதிவுக் கூடத்துக்கு வந்து என்னைப் பார்த்திருக்கிறார். எங்கள் முறை வந்ததும் அவர் முகம் கறுத்தது.

“வாங்க, என் குரல்காரரே,” என்று கீச்சிட்டார். “உங்களால என் வீட்ல நிம்மதி போச்சு. என் பொண்டாட்டி டிவில வர்ற என்கிட்டதான் ஆசையா இருக்கா. வீட்ல நான் வாயத் திறந்தா, ‘நீ எதையாவது தூக்கு, பேசாத’ங்கிறா.”

பொறாமையில் அவர் கழுத்து நரம்பு புடைத்தது, பளு தூக்கும்போதுகூட அப்படிப் புடைத்ததில்லை. ரோஸ்விதா அவரையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தாள். கையெழுத்து வாங்கவே மறந்துவிட்டாள்.

திரும்பும் பேருந்து ஆற்றுப் பாலத்தைத் தாண்டியதும் ரோஸ்விதா என் பக்கம் திரும்பினாள்.

“சரி,” என்றாள். “நீதான் பேசியிருக்க.”

நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன்.

“ஒத்துக்கறேன், எல்லாத்துலயும் உன் குரல்தான். ஆனா அவர் வாய்ல இருந்தப்ப நல்லா இருந்துச்சு.”