நாற்பத்தேழாவது அடிக்குறிப்பு

1.
இந்தக் கதையை எழுத உட்கார்ந்ததே என் வழிகாட்டியைத் திட்டத்தான். முதல் வரி இப்படி இருந்தது:

“எதிரி நாட்டுக்காரியை நம்பியா ஆய்வு?” என்று பேராசிரியர் மணிமாறன் மேசையைத் தட்டி

நிறுத்திவிட்டேன். அவர் தட்டவில்லை.

2.
நான் இளவேனில். சேவுகம்பட்டியில் மல்லிகை பறிக்கும் சோலையம்மாளின் மகள். எங்கள் வீட்டின் முதல் பட்டதாரி. பூப் பறிக்கும் எங்கள் பெண்களையும், பாகிஸ்தானின் சிந்து மாகாணத்தில் மிளகாய் பறிக்கும் பெண்களையும் ஒப்பிடுவது என் ஆய்வு. அங்கிருந்து தகவல் தந்தவள் ஷாஹிதா. அவளும் ஆய்வு மாணவி. இரண்டு பேருக்கும் ஓட்டை இங்கிலீஷ், அதனால் கூச்சமே இல்லை. என் பெயர் முழுதாக வாயில் நுழையாமல் ‘வேனில்’ என்பாள். அப்படிக் கூப்பிட வேறு யாருமில்லை.

மிளகாய் பறிக்கிறவர்களுக்குக் கை எரிகிறதாம் என்று நான் சொன்னதும் அம்மா போனைப் பிடுங்கி ஷாஹிதாவிடம் தமிழிலேயே பேசினாள்.

“வெளக்கெண்ணெயத் தடவிட்டு எறங்கச் சொல்லுடி. இது தெரியாமத்தான் இம்புட்டுப் படிச்சீகளா ரெண்டு பேரும்?”

நான் இங்கிலீஷில் சொன்னேன். அடுத்த வாரம் அவளிடமிருந்து ஒரு படம் வந்தது: எண்ணெய் மினுங்கும் பதினோரு ஜோடிக் கைகள்.

[இந்தப் படத்தை முதலில் கதையின் கடைசியில் வைத்திருந்தேன். அழுகாச்சியாக இருந்தது. இங்கே நகர்த்திவிட்டேன்.]

3.
போன வருஷம் மே மாதம், எல்லையில் நாலு நாள் சண்டை. விடுதியில் எல்லோரும் டிவி முன்னால். நான் அறையில் அவளுடைய பழைய செய்திகளைத் தோண்டிக்கொண்டிருந்தேன். “பூ வண்டி எத்தனை மணிக்குக் கிளம்பும்? எந்தச் சாலை வழியாக?” மார்ச்சில் கேட்டிருந்தாள். அம்மா எத்தனை மணிக்கு எழ வேண்டியிருக்கிறது என்று கணக்குப் போடத்தான். மே மாதத்தில் அதே கேள்வி எனக்கு வேறு மாதிரி தெரிந்தது.

(மல்லிகைப் பூ வண்டிமேல் யார் குண்டு போடப்போகிறார்கள்? இப்போது சிரிப்பு வருகிறது. அன்று வரவில்லை.)

போனில் அவள் எண்ணைத் தடுத்தேன். ஆய்வேட்டில் நாற்பத்தேழாவது அடிக்குறிப்பைச் சேர்த்தேன்: ‘அந்நாட்டிலிருந்து பெற்ற தகவல்கள் ஐயத்திற்குரியவை.’ யாரும் சொல்லவில்லை. நானேதான்.

“இப்பத்தாம்மா ஆராய்ச்சியாளர் மாதிரி எழுதிருக்க” என்றார் மணிமாறன் சார். எனக்கு அது இனித்தது. அவர்மேல் கோபமெல்லாம் அதற்குத்தான்.

4.
“அந்தப் புள்ளைய எங்கடி காணோம்?”

“சண்டைம்மா.”

“ஒனக்கும் அவளுக்குமா?”

“ரெண்டு நாட்டுக்கும்.”

“அப்ப நீ ஏன்டி பேசாம இருக்க? அந்தப் பொம்பளைக கை ஆறிருச்சான்னாச்சும் கேட்டுச் சொல்லு.”

5.
முடிவு அ: அடிக்குறிப்பை எடுக்கிறேன். அவளைக் கூப்பிடுகிறேன். ‘வேனில்!’ என்று சிரிக்கிறாள்.

(அவள் ஏன் சிரிக்க வேண்டும்?)

முடிவு ஆ: அந்த எண் இப்போது

வேண்டாம். இதை எழுதக் கை வரவில்லை.

இன்று புதன். வெள்ளிக்கிழமை ஆய்வேட்டை ஒப்படைக்க வேண்டும். நான் தடுப்பதற்கு முன், சண்டையின் இரண்டாம் நாள், அவளிடமிருந்து கடைசியாக வந்தது இது: “வேனில், உங்கள் பக்கம் சத்தம் கேட்கிறதா? அம்மா பூப் பறிக்கப் போனாரா?”

போனாள், ஷாஹிதா. நாலு நாளும் போனாள்.

பதிலை உங்களிடம் சொல்லிவிட்டேன். அவளிடம் இன்னும் சொல்லவில்லை. வியாழன் முழுசாகக் கிடக்கிறது. என் ஆய்வேடு எப்போதாவது உங்கள் கைக்கு வந்தால், நாற்பத்தாறாவது அடிக்குறிப்புக்கு அடுத்து என்ன இருக்கிறது என்று பாருங்கள்.