தண்ணீரிலேயே விட்ட மீன்

கிர்ர்ர்ரென்று தூண்டில் ரீல் அலறியது. பீர் டின்னும் கையுமாகச் சாய்ந்துகிடந்த விருந்தாளிகள் மூவரும் அடித்துப்பிடித்து எழுந்தார்கள். வழுக்கைத்தலையர் எழுந்த கையோடு மறுபடியும் வாந்தி எடுத்தார். படகோட்டி எஞ்சினை அடக்கிவிட்டு வாளியோடு ஓடினான்.

"வாளி கிடக்கட்டும் மாப்ள, கயித்தைப் பிடி!" என்று கத்தினார் அவனுடைய அக்காவின் புருஷன். படகு அவருடையது.

மாட்டியது மாஹி மாஹி மீன். சுவர் மாதிரி செங்குத்தான நெற்றியோடு தண்ணீருக்கு மேலே எகிறி விழுந்தது. பச்சை, பொன், நீலம் என்று அதன் உடம்பில் யாரோ விளக்கைப் போட்டுப் போட்டு அணைத்தார்கள்.

"செத்தா நிறமெல்லாம் போய்ச் சாம்பலாயிடும் சார். இப்பவே வீடியோ எடுத்துக்குங்க" என்றார் அக்காவின் புருஷன்.

"தூக்கிப் போடலையா?" என்றார் வழுக்கைத்தலையர், வாயைத் துடைத்துக்கொண்டே.

"அவசரப்படாதீங்க. இது கூட்டமா திரியற ஜாதி. ஒண்ணு மாட்டுனா மத்தது விட்டுட்டுப் போகாது, சுத்திச் சுத்தி வரும். இதைத் தண்ணியிலேயே விட்டுவச்சா போதும், மொத்தமா அள்ளிடலாம்."

"நம்ம ஆபீஸ்ல ஒருத்தன் மாட்டுனா மத்தவன் லீவு போட்டுடுவான்யா!"

விருந்தாளிகள் சிரித்தார்கள். சொன்னபடியே நிழல் நிழலாக மீன்கள் வந்து சூழ்ந்தன. அதன் பிறகு நடந்ததை மீன்பிடிப்பு என்று சொல்லப் படகோட்டிக்கு நா கூசியது. தலையில் ஒரு அடி, தளத்தில் ஒரு துடிப்பு, நிறம் போய்விடும். இரத்தமும் பீரும் வாந்தியும் கலந்து கொழகொழவென்று அவன் கால் விரலிடுக்கில் ஏறின. தூண்டிலில் கிடந்த முதல் மீனின் வாய் செவுள்வரை கிழிந்திருந்தது. அதை இப்போது யாரும் பார்க்கக்கூட இல்லை.

துறைமுகத்தில் அவனுக்கு வேலை கிடைத்திருந்தது. இன்றைக்குச் சொல்லிவிடுவது என்றுதான் கிளம்பியிருந்தான். போன வருஷமும் இப்படி ஒரு வேலைக்குப் போனவன்தான். வாரம் முடிவதற்குள் அக்கா போன் செய்தாள். "திரும்பி வந்துடுடா" என்பதற்கு மேல் ஒரு வார்த்தை பேசவில்லை. வந்து பார்த்தால் கையில் மாவுக்கட்டு. குளியலறையில் வழுக்கி விழுந்துவிட்டாளாம். அப்போது அதை அவனும் நம்பினான்.

கத்தியை எடுத்துக் கயிற்றை அறுத்தான். முதல் மீன் கிழிந்த வாயோடு உள்ளே இறங்கியது. நிழல்களும் அதன் பின்னாலேயே போய்விட்டன.

"டேய், அறிவிருக்கா உனக்கு?" என்றார் வழுக்கைத்தலையர்.

அவன் அவர் பக்கம் திரும்பவில்லை. "மாமா, அடுத்த வாரத்துலேர்ந்து நான் வரலை. துறைமுகத்துல வேலை கிடைச்சிருச்சு."

அக்காவின் புருஷன் கோபப்படவே இல்லை. செதில் ஒட்டிய கையை அவன் சட்டைத் தோளில் நிதானமாகத் துடைத்துக்கொண்டார்.

"தாராளமா போ மாப்ள. உங்கக்கா நம்ம வீட்லதானே இருக்கா."