கட் சொல்லாத இயக்குநர்

இருபத்திரண்டு வருடம் கேமராவுக்குப் பின்னால் நின்று, பதினாறு இயக்குநர்களைப் பார்த்து, 'இதை நான் இன்னும் நல்லா எடுப்பேன்' என்று மனசுக்குள்ளேயே பீற்றிக்கொண்டவன் நான். ஒருவழியாக வாய்ப்பு வந்தது. ஒளிப்பதிவும் நானே, இயக்கமும் நானே. தயாரிப்பாளர் என் மனைவியின் அண்ணன். சொந்தக்காரர், சலுகை காட்டுவார் என்று நினைத்தால் நீங்கள் என் மச்சானைப் பார்த்ததில்லை.

"மாப்ளே, முதல் ஷாட்டைப் பார்ப்பேன். பிடிச்சா நீ டைரக்டர். இல்லைன்னா பேசாம கேமராவை மட்டும் பாரு. வேற ஒருத்தர்கிட்ட சொல்லி வச்சிருக்கேன்."

காட்சி சின்னது. மகள், மருமகன், பேரக்குழந்தை, தனக்கு என்று நான்கு தட்டுகளைச் சாப்பாட்டு மேசையில் வைத்துவிட்டு ஒரு அம்மா காத்திருக்கிறாள். ஃபோன் வருகிறது. அவர்களால் வர முடியாதாம். "சரிம்மா, அதனால என்ன" என்று சொல்லி ஃபோனை வைக்கவேண்டும். என் தாளில் அவ்வளவுதான் இருந்தது. நடித்தவர் நாற்பது வருட அனுபவசாலி, யூனிட்டுக்கே அக்கா.

கேமரா தோளில் ஏறியது. "ஆக்‌ஷன்!" என்று கத்தினேன். என் குரலைக் கேட்டு எனக்கே புல்லரித்தது.

அக்கா பேசினார், ஃபோனை வைத்தார். 'கட்' வரட்டும் என்று நின்றேன். வரவில்லை. அவர் ஒரு தட்டை எடுத்துத் துடைத்து அலமாரியில் வைத்தார். நானும் பின்னாலேயே போனேன். இரண்டாவது தட்டு. மூன்றாவது. தன் தட்டுக்கு முன்னால் உட்காரப் போனவர் சட்டென்று எழுந்துபோய், குழந்தையின் குட்டித் தட்டை மட்டும் திரும்ப எடுத்துவந்து எதிரே வைத்தார்.

கண் வ்யூஃபைண்டரில், மனசு வானத்தில். 'அடடா, இன்னும் கட் சொல்லாம விட்டு வச்சிருக்கானே, யாருய்யா இந்த டைரக்டர்? இப்படி ஒரு ஆள்கிட்டல்ல வேலை பார்க்கணும்!' என்று உருகிப் போனேன்.

அக்கா கேமரா பக்கம் திரும்பினார். "தம்பி, தட்டு தீர்ந்துபோச்சு. இனி வீடும் பெருக்கணுமா?"

அப்போதுதான் உறைத்தது, அந்த டைரக்டர் யாரென்று. "கட்... கட்!"

எல்லோரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். என் மானத்தைக் காக்க உதவி இயக்குநர் பாய்ந்து வந்தாள். "சார் வேணும்னேதான் விட்டாரு."

மச்சான் என்னையே பார்த்தார். தலையாட்டினால் போதும், தப்பித்துவிடலாம். ஆனால் அவரிடம் சொன்ன பொய் அவர் தங்கச்சி வழியாக என் வீட்டுக்கே வந்து வருஷக்கணக்கில் தங்கிவிடும்.

"மறந்துட்டேன் மச்சான். பழக்கதோஷம். வேற யாராவது சொல்வாங்கன்னு நின்னுட்டேன்."

அவர் மானிட்டரில் அந்த ஷாட்டை மறுபடி ஓடவிட்டார். குட்டித் தட்டு வந்ததும் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். பிறகு ஃபோனை எடுத்தார்.

"சார், தப்பா நினைக்காதீங்க. டைரக்டர் கிடைச்சாச்சு."

எனக்குக் கால் தரையில் பாவவில்லை.

"என்ன மாப்ளே, பல்லைக் காட்டிட்டு நிக்கிறே? அடுத்த ஷாட்டை வை. கட் வேணா நான் சொல்லட்டுமா?"

"வேண்டாம் மச்சான். நீங்க சீக்கிரம் சொல்லிடுவீங்க."