முதலாம் பலகை

எங்கள் சங்கத்தில் கப்டன் என்பவர் ஞாயிறு காலையில் மண்டபத்தைத் திறந்து, கோப்பி போட்டு, எட்டுச் செஸ் பலகைகளையும் அடுக்கி, எல்லாரும் போன பிறகு கடைசிக் கதிரையை மடித்து வைப்பவர். அந்தப் பதவிக்கு யாரும் போட்டியிடுவதில்லை. ஆண்டுக் கூட்டத்தில் எல்லாரும் தங்கள் சப்பாத்துகளைப் பார்த்துக்கொண்டிருந்தபோது நான் தலையை நிமிர்த்திவிட்டேன். அவ்வளவுதான்.

“நீங்க எதுக்கும் ஓம் ஓம்னு சொல்றதாலதான் காப்டன் ஆக்கிட்டாங்க, சுபானிக்கா” என்பான் ஜெயகாந்த். கோயம்புத்தூரிலிருந்து ஸ்டுட்கார்ட்டுக்கு வேலைக்கு வந்த எஞ்சினியர். அணியில் ஐந்தாம் பலகை, அதாவது பலத்தில் ஐந்தாமவன். ‘ஓம்’ என்றால் எங்கள் பேச்சில் ‘ஆம்’. அவன் பகிடிக்குச் சொன்னாலும் அதில் பொய்யில்லை. வீட்டிலும் ஓம், வேலை செய்யும் மருந்துக்கடையிலும் ஓம்.

செஸ்ஸுக்கு நான் வந்ததும் எனக்காக அல்ல. மகள் தேனுஜாவைப் பயிற்சி வகுப்புக்குக் கூட்டிவந்தேன். அவள் ஒரு குளிர்காலம் தாக்குப்பிடித்துவிட்டுக் கைப்பந்துக்குப் போய்விட்டாள். சுவரோரம் உட்கார்ந்து காத்திருந்த நான் போகவில்லை. “பிள்ளை விட்டிட்டாள், தாயைப் பிடிச்சிட்டுது” என்று கணவர் கார்த்திகன் சொந்தக்காரருக்கெல்லாம் சொல்லிச் சிரித்தார். நாற்பது வயதில் என்னைப் பலகைக்கு அழைத்தவர் சயோரா. “அங்க இருந்து எட்டிப் பார்த்தால் கழுத்து நோகும். இங்க வா” என்றார். நாங்கள் பேசுவது ஜெர்மனில்தான். அவருடைய உச்சரிப்பும் என்னுடைய உச்சரிப்பும் சந்திக்கும் இடத்தில் எங்கள் சிநேகிதம் இருக்கிறது.

சயோரா உஸ்பெகிஸ்தானில் ஃபெர்கானாக்காரி. அவருடைய நகரத்தின் ஆண்கள் அணியில் உட்கார்ந்த முதல் பெண். முதல் நாள் எதிராளி எழுந்து நின்று, ஆட வேண்டியவர் எங்கே என்று கேட்டானாம். மாலையில் அதே எதிராளி பேசாமல் கைகொடுத்துவிட்டுப் போனானாம். பிறகு பட்டங்கள், பயிற்சியாளர் சான்று, சோவியத் நாடு உடைந்த பிறகு ஜெர்மனி. எங்கள் அணியின் எட்டுப் பேரில் நால்வர் அவரிடம் படித்தவர்கள். அறுபத்து நான்கு வயதில், எங்கள் முதலாம் பலகை இன்னும் அவர்தான்.

அந்த ஞாயிறு பருவத்தின் கடைசிப் போட்டி. சமநிலையில் முடித்தால்கூட மேல் பிரிவுக்குப் போய்விடலாம். சங்கத்தின் வரலாற்றில் நடக்காதது. காலையில் மேலங்கியைக் கழற்றிக்கொண்டே சயோரா சொன்னார்: “இதோட நான் ஆடுறதை நிப்பாட்டுறன். இனிச் சொல்லிக் குடுக்கிறது மட்டும்தான்.” கோப்பித் தூளை அளந்துகொண்டிருந்த நான் “ஓம்” என்றேன்.

மத்தியானம் தாண்டியபோது ஏழு ஆட்டங்கள் முடிந்திருந்தன. மூன்றரைக்கு மூன்றரை. எட்டாம் பலகையில் நானே தோற்றிருந்தேன். மிச்சம் இருந்தது முதலாம் பலகை மட்டும்.

சயோராவிடம் எதிராளியைவிட ஒரு சிப்பாய் கூடுதலாக இருந்தது. கோட்டை இருவரிடமும் ஒவ்வொன்று. ஆனால் அந்தச் சிப்பாயை முன்னே தள்ளினால் அவருடைய ராஜா வெளியே வந்துவிடும். வெல்லலாம், தோற்கவும் தோற்கலாம். எதிரே சர்வதேசப் பட்டம் வாங்கிய மெலிந்த இளைஞன். அவனுடைய அணிக்கு இந்தப் போட்டியில் ஏறவோ இறங்கவோ எதுவுமில்லை. அவன் மெதுவாகச் சிரித்து “ரெமி?” என்றான். சமநிலையில் முடிப்போமா என்று அர்த்தம். வயதான பெண்ணுக்குக் கதவைத் திறந்து பிடிப்பவனின் சிரிப்பு அது.

சயோரா அவனைப் பார்க்கவில்லை. கையை உயர்த்தி என்னைக் கூப்பிட்டார்.

அணி ஆட்டத்தில் அது வழமை. சமநிலைக்கு அழைப்பு வந்தால் கப்டனைக் கேட்கலாம். கப்டன் பலகையைப் பற்றி ஒரு சொல் சொல்லக்கூடாது, முகத்தாலும் காட்டக்கூடாது. ஏற்றுக்கொள் என்று சொல்லலாம், அல்லது உன் விருப்பம் என்று சொல்லலாம். நடுவர் பக்கத்தில் நின்று கேட்டுக்கொண்டிருப்பார்.

கோப்பி மேசையடியில் ஜெயகாந்த் என் முழங்கையைப் பிடித்தான்.

“அக்கா, சிம்பிள் கணக்கு. டிரா போதும். நாம மேல போயிடுவோம்.”

“தெரியும் தம்பி.”

“தெரியும்ல? அப்ப எடுக்கச் சொல்லிடுங்க. ஒரு வார்த்தை.”

அந்த ஒரு வார்த்தையை ஏற்கெனவே ஒருவர் சயோராவுக்குச் சொல்லியிருந்தார். வெளியூர்ப் போட்டி ஒன்றிலிருந்து காரில் திரும்பும்போது சூரியகாந்தி விதை கொறித்தபடி அவரே சொன்ன கதை. எண்பதுகளில், தாஷ்கண்டில், வென்றுகொண்டிருந்த ஆட்டத்தில் அணிக் கப்டன் குனிந்து ‘ஏற்றுக்கொள்’ என்றார். ஏற்றுக்கொண்டார். அணிக்குப் பதக்கம் கிடைத்தது. அப்படி இழந்த அரைப் புள்ளியால் அவருக்கு வரவேண்டிய பட்டம் வரவில்லை. இரண்டு பிள்ளைகளைப் பெற்ற பிறகுதான் வந்தது. இதை அவர் முறைப்பாடாகச் சொல்லவில்லை. ஒழுங்குக்கு உதாரணமாகச் சொன்னார். “கப்டன் சொன்னால் சொன்னதுதான்.” எங்கள் எல்லாருக்கும் அப்படித்தான் சொல்லித் தந்திருந்தார்.

அதனால்தான் நான் மெதுவாக நடந்தேன். நான் என்ன சொன்னாலும் அவர் செய்வார். தன்னிடம் படித்த, எட்டாம் பலகையில் தோற்ற ஒருத்தியின் சொல்லுக்கு அவர் பணிவார்.

மண்டபத்தைக் கடக்கும்போது என் வாய் ‘ஏற்றுக்கொள்ளுங்கள்’ என்ற சொல்லுக்குத் தயாராகிவிட்டதை உணர்ந்தேன். யாருக்காக என்று என்னையே கேட்டேன். அணிக்காக என்ற பதில் உடனே வந்தது. உடனே வந்ததாலேயே நம்ப முடியவில்லை. அதற்குக் கீழே வேறொன்று இருந்தது. அவர் தோற்றால் ஆறு ஆண்களின் முகங்களை நான் பார்க்க வேண்டும். மேலே போகாமல் போனதற்கு என் பெயரைச் சொல்வார்கள். எனக்கு வேண்டியிருந்தது புள்ளியல்ல, பாதுகாப்பு. தாஷ்கண்ட் கப்டனும் குனிந்தபோது தன் மேலதிகாரிகளின் முகத்தைத்தான் நினைத்திருப்பாரோ?

சயோரா நிமிர்ந்து பார்த்தார். அந்தப் பார்வையில் கெஞ்சல் இல்லை. கேள்வி மட்டும் இருந்தது.

“உங்கட விருப்பம்” என்றேன்.

அவர் ஒருமுறை கண்ணை மூடித் திறந்தார். பிறகு சிப்பாயைத் தள்ளினார்.

நான் கோப்பி மேசைக்குத் திரும்பியதும் ஜெயகாந்த் தலையில் கைவைத்தான். “என்னக்கா பண்ணிட்டீங்க! இப்ப அவங்க தோத்துட்டா?”

“தோத்தால் தோக்கட்டும்.”

சொன்ன பிறகுதான் அது என் குரல் என்று தெரிந்தது. அவன் ஒரு கேக் துண்டை எடுத்துக்கொண்டு போய்விட்டான்.

அதன் பிறகு அந்த இளைஞன் சிரிக்கவில்லை. ஜாக்கெட்டைக் கழற்றினான். சட்டைக் கையை மடித்தான். சயோரா இரண்டு முழங்கைகளையும் மேசையில் ஊன்றி, கன்னங்களைக் கையில் தாங்கி, அசையாமல் இருந்தார். ஒரு கட்டத்தில் வென்றுவிட்டார் என்றே நினைத்தோம்; அவன் ஒரேயொரு வழி இருந்த இடத்தில் அதைக் கண்டுபிடித்தான். பிறகு சயோராவின் சிப்பாய் விழுந்தது. அவருடைய ராஜா திறந்த வெளியில் தனியாக நடந்தது. இந்த முறை ஒரேயொரு வழி அவருக்கு. அதை அவர் பார்த்தார். தயங்காமல் கோட்டையை ஓரத்துக்கு இழுத்தார். கோட்டைகள் வெட்டுப்பட்டன, கடைசிச் சிப்பாயும் போனது. பலகையில் இரண்டு ராஜாக்கள் மட்டும் நின்றன.

சமநிலை. நாலுக்கு நாலு. நாங்கள் மேலே போய்விட்டோம்.

கூச்சலும் கட்டிப்பிடிப்பும் அடங்கியபோது ஜெயகாந்த் கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தான். “இதே ஹாஃப் பாயின்ட் அப்பவே கிடைச்சிருக்குமே! எங்க பி.பி.யை ஏத்திட்டு!”

அதை நான் ஜெர்மனில் சொன்னேன். சயோரா கோப்பிக் கோப்பையை இரண்டு கையாலும் பிடித்தபடி, “அப்ப அவன் சும்மா தந்தான்” என்றார். “இதுக்கு அவனுக்கு வேர்த்தது.”

அந்த இளைஞனின் சட்டை உண்மையிலேயே முதுகோடு ஒட்டியிருந்தது. அவன் போகவில்லை. கொஞ்சம் தயங்கி, ஆட்டத்தை அவரோடு இன்னொருமுறை பார்க்கலாமா என்று கேட்டான். சயோரா காய்களைத் திரும்ப அடுக்கினார். “இங்க ஏன் அவசரப்பட்டாய்?” என்று தொடங்கினார். கொஞ்ச நேரத்தில் இரண்டு அணியும் அந்த மேசையைச் சுற்றி நின்றது. பின்னால் நின்றவர்கள் எட்டிப் பார்த்தார்கள்.

நான் சமையலறையில் கோப்பைகளைக் கழுவினேன். கை தண்ணீரில் இருந்தாலும் காது அங்கே இருந்தது. நெஞ்சுக்குள் ஏதோ நிமிர்ந்து உட்கார்ந்திருந்தது. அது அவரைப் பற்றிய பெருமையா, என்னைப் பற்றியதா என்று பிரித்துப் பார்க்க முயன்று விட்டுவிட்டேன்.

“சுபானி!” ஆண்களின் தலைகளுக்கு மேலால் அவர் குரல் வந்தது. “மேல் பிரிவில முதலாம் பலகை ஆர்?”

“நீங்கள் நிப்பாட்டுறன் எண்டெல்லோ சொன்னீங்கள்?”

“அது காலமை சொன்னது.”

“அப்ப உங்கட பேரைப் போடட்டோ?”

“கப்டன் நீ. என்னை ஏன் கேக்கிறாய்?”

எல்லாரும் என் பக்கம் திரும்பினார்கள். நான் யாருடைய முகத்தையும் தேடவில்லை. கையைத் துடைத்துக்கொண்டு வாசலுக்கு வந்து, “முதலாம் பலகை சயோரா” என்றேன், பின்னால் நின்றவர்களுக்கும் கேட்கும்படி.