கை நின்றால் பாஸ்

"இது ஓடாது," என்றார் அவர், மனைவியின் கையிலிருந்து கண்ணை எடுக்காமல்.

கட்டில் ஓரம் உட்கார்ந்து அவள் பட்டாணி உரித்துக்கொண்டிருந்தாள். ஒரு வாய் தண்ணீர்கூட இறங்காத மனிதர் பக்கத்தில் இதெல்லாம் எதற்கு என்று மகள் காலையிலேயே முணுமுணுத்தாள். அவர்தான் எடுத்துவரச் சொன்னார். முப்பத்தாறு வருஷமாக அந்த வீட்டில் அதுதான் சட்டம். அவர் காட்சியைச் சொல்வார். அவள் எதையாவது உரித்துக்கொண்டோ நறுக்கிக்கொண்டோ இருப்பாள். கை நின்றால் பாஸ். நிற்காவிட்டால் காகிதம் குப்பைக்கூடைக்கு. சினிமாவோ சீரியலோ, அந்தக் கையைத் தாண்டித்தான் வெளியே போக வேண்டும். வாயைத் திறந்து நல்லாயிருக்கு என்று மகராசி ஒருநாளும் சொன்னதில்லை.

ஒரே ஒரு தடவை ஏமாற்றினாள். அவரே தயாரித்த முதல் படம். நாலு நாள் தூங்காத அந்த முகத்தைப் பார்க்கச் சகிக்காமல், வேண்டுமென்றே கையை நிறுத்தினாள். படம் மூன்றாம் நாளே தியேட்டரை விட்டு ஓடிவிட்டது. வீட்டுக்கு வந்தவர் கோபப்படவில்லை. "இனிமே பாவம் பாக்காத," என்றார்.

இன்று சாயங்காலம் தாண்டுவது கஷ்டம் என்று டாக்டர் சொல்லிவிட்டார். எட்டு வருஷம் ஓடிய சீரியலுக்குக் கடைசிக் காட்சி மட்டும் பாக்கி. அதில் ஒரு கணவன், மனைவி. முதல் வருஷமே முறைத்துக்கொண்டவர்கள். எதுவானாலும் மகள் மூலம்தான் பேச்சு. மகளும் கல்யாணமாகிப் போய்விட்டாள்.

"சரி, அவ அழுதுகிட்டே ஓடி வந்து கட்டிப்பிடிக்கறா," என்றார். பட்டாணி கிண்ணத்தில் விழுந்துகொண்டிருந்தது. "அவன் மன்னிப்பு கேக்கறான். அரைப் பக்கம் வசனம்." விழுந்துகொண்டே இருந்தது.

லேப்டாப்பில் எழுதிக்கொண்டிருந்த மகள் நிமிர்ந்து, நிறுத்தித் தொலையேன் என்று கண்ணால் கெஞ்சினாள். நிறுத்தினால் என்ன குறைந்துவிடும்? ஆனால் அவர் கண்டுபிடித்துவிடுவார். கடைசி நாளில் போய் அவரை ஏமாற்ற அம்மாவுக்கு மனசு வரவில்லை.

வெகுநேரம் கண்ணை மூடிக்கிடந்தார். பிறகு மெதுவாக, "அவன் சாப்பிட உக்கார்றான். அவ பரிமாறிட்டு நிக்கறா. மகளோட நாற்காலி காலியா கிடக்கு. அவன் அதப் பாத்து சொல்றான்... உப்பு சரியா இருக்குன்னு அம்மாகிட்ட சொல்லு."

கை நின்றிருந்தது. அவளுக்கே அது கொஞ்சம் கழித்துத்தான் தெரிந்தது.

"அப்புறம்?" என்றாள்.

"அவ்வளவுதான்," என்று சிரித்தார். அவர் பார்த்துவிட்டார். மகள் அதை எழுதி அனுப்பி முடிப்பதற்குள் மூச்சு அடங்கிவிட்டது.

மறுநாள் காலை கூடம் கொள்ளாத கூட்டம். சேனல் தலைவர் எழுந்து, ஒரு பேனா உறங்கிவிட்டது என்று ஆரம்பித்தார். ஒரு சகாப்தம் சாய்ந்தது என்றார். நாம் எல்லோரும் அநாதைகளாகிவிட்டோம் என்றபோது அவருக்கே குரல் உடைந்தது. பலர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள்.

தலைமாட்டில் உட்கார்ந்திருந்தவளின் மடியில் நேற்றைய மீதிப் பட்டாணி இருந்தது.

"அம்மா, எல்லாரும் பாக்கறாங்க. குடு இப்படி," என்றாள் மகள்.

"இருடி. அவர் பேசி முடிக்கட்டும்."

ஒருமுறை கணவரின் முகத்தைப் பார்த்துக்கொண்டாள். சேனல் தலைவர் இன்னும் பத்து நிமிஷம் பேசினார். கை நிற்கவேயில்லை.